நாலு மாசப் பெர்மிட்

பஸ் கம்பெனிகளின் கதையை எழுதுகிறவர்கள் முதல் வண்டி வாங்கிய வருஷத்தையும், முதலாளியின் மாலை போட்ட படத்தையும் வைத்துத் தொடங்குவார்கள். நான் வக்கீல் குமாஸ்தா. போக்குவரத்து வழக்கு மட்டுமே பார்த்த ஒரு வக்கீலிடம், சென்னை தம்புச் செட்டித் தெருவில், கட்டு தூக்கிப் பிழைத்தவன். சொந்த ஊர் பொன்னேரி. எனக்குத் தெரிந்த பஸ் கதையெல்லாம் பெர்மிட் கட்டுக்குள் இருக்கிறது. அதிலும் பாதிக் கதை, 'டெம்பரரி' என்று எல்லோரும் சொல்லும் நாலு மாசப் பெர்மிட்டில் இருக்கிறது.

வழக்கு நடக்கும்போது வண்டி எப்படி ஓடும் என்று வெளியாட்கள் கேட்பார்கள். செங்குன்றத்துக்கு வடக்கே, ஊத்துக்கோட்டை, மாதர்பாக்கம், ஆரம்பாக்கம் பக்கமெல்லாம் வழக்கு நடந்ததால்தான் சில வண்டிகள் ஓடின. அதைத்தான் இங்கே எழுதப் போகிறேன்.

1939-இல் வெள்ளைக்காரன் கொண்டுவந்த மோட்டார் வாகனச் சட்டத்தில் 62-ஆவது பிரிவு என்று ஒன்று. நிரந்தரப் பெர்மிட் வேண்டுமானால் மனு கொடுத்து, அது பிரசுரமாகி, ஆட்சேபணை வந்து, விசாரணை நடந்து, அப்புறம் உத்தரவு. இந்தச் சடங்கு எதுவும் இல்லாமல் கொடுக்கலாம் என்பதுதான் 62. நாலு மாசத்துக்கு மேல் போகக் கூடாது. நாலு காரணங்களுக்குத்தான் கொடுக்கலாம்: திருவிழா மாதிரியான விசேஷக் கூட்டம், பருவத் தொழில், குறிப்பிட்ட ஒரு தற்காலிகத் தேவை, பழைய பெர்மிட்டின் புதுப்பிப்பு மனு முடிவாகாமல் இருப்பது.

முதல் காரணம் எங்கள் பக்கத்துக்காகவே எழுதியதோ என்று நினைப்பேன். ஆடி மாசம் பெரியபாளையம் பவானி அம்மன் கோயிலுக்குப் போகும் கூட்டம், ஆடிக் கிருத்திகைக்குத் திருத்தணி மலை ஏறும் காவடிகள், தை அமாவாசைக்குத் திருவள்ளூர் வீரராகவப் பெருமாள் கோயில் குளக்கரையில் நிற்கும் ஜனம். இந்த மூன்றுக்கும் ஸ்பெஷல் வண்டி விடாத தனியார் முதலாளி கிடையாது. சிறுவாபுரி முருகனுக்குச் செவ்வாய்க்கிழமைக் கூட்டம் பெருகியது பின்னால் வந்த சங்கதி. திருவிழா டெம்பரரியில் சண்டை இல்லை. மூன்று நாளோ பத்து நாளோ ஓடும், கலெக்‌ஷனை எண்ணி மூட்டை கட்டிக்கொண்டு போய்விடுவார்கள். கடைசி இரண்டு காரணங்களில்தான் வக்கீல்களுக்குச் சோறு.

'குறிப்பிட்ட தற்காலிகத் தேவை' என்றால் என்ன என்று சட்டம் சொல்லவில்லை. ஒரு ஊருக்கு பஸ் வேண்டும் என்பது எப்படித் தற்காலிகத் தேவை ஆகும்? இன்றைக்கு வேண்டும், நாலு மாசம் கழித்து வேண்டாமா? எதிர்க்கட்சி வக்கீல் இதைத்தான் கேட்பார். எங்கள் வக்கீல் எழுந்து, நிரந்தரப் பெர்மிட் யாருக்கு என்று முடிவாகும் வரைக்கும் ஜனம் நடந்து போகணுமா, அந்த இடைவெளிதான் தற்காலிகத் தேவை என்பார். இரண்டு பேர் சொல்வதும் சரிதான். சட்டத்துக்கும் இந்தச் சங்கடம் தெரிந்தே இருந்தது. புதுப் பெர்மிட் மனு நிலுவையில் உள்ள வழித்தடத்துக்கு ஒரு தடவைக்கு மேல் டெம்பரரி தரக் கூடாது என்று பின்னால் ஒரு வரி சேர்த்தார்கள். அந்த வரியைத் தாண்ட எத்தனை வழி இருக்கிறது என்பதில் எங்கள் ஆபீஸுக்கு நல்ல பழக்கம் இருந்தது. வழித்தடத்தின் ஒரு கோடியை இரண்டு கிலோமீட்டர் தள்ளிப் போட்டால் அது வேறு வழித்தடம்.

பெர்மிட் சண்டை கோர்ட்டுக்குப் பெருவாரியாகப் போனது அரசியல் சட்டம் வந்த பிறகு. 1950-இல் 226-ஆவது விதி வந்தது. அதுவரை அதிகாரிகளிடமும் சர்க்காரிடமும் அப்பீல் போய்க்கொண்டிருந்தவர்கள் நேராக ஐகோர்ட்டில் ரிட் போடத் தொடங்கினார்கள். அந்த வகையில் சுப்ரீம் கோர்ட்டுக்கு முதலில் போனவற்றுள் ஒன்று நம் தஞ்சாவூர் ஜில்லா வழக்கு. பொறையாறு பஸ் முதலாளி வீரப்பா பிள்ளைக்கும் கும்பகோணம் ராமன் அண்ட் ராமன் கம்பெனிக்கும் ஐந்து பஸ்கள் யாருக்குச் சொந்தம் என்று தகராறு. பஸ் யாருடையது என்பது சிவில் கோர்ட்டில் நடக்கிறது. பெர்மிட் யாருக்கு என்பது போக்குவரத்து அதிகாரிகளிடம் நடக்கிறது. இரண்டும் வருஷக்கணக்கில் ஒன்றையொன்று துரத்தின. சென்னை ஐகோர்ட் கம்பெனி பக்கம் தீர்த்து, பெர்மிட் கொடுக்கச் சொன்னது. 1952-இல் சுப்ரீம் கோர்ட் அதை ரத்து செய்தது. ரிட் அதிகாரத்தை வைத்துக்கொண்டு ஐகோர்ட் அப்பீல் கோர்ட்டாக மாறக் கூடாது, பெர்மிட் யாருக்கு என்று முடிவு செய்வது சட்டம் அமர்த்திய அதிகாரிகளின் வேலை என்றது. ரிட்டைப் பற்றிய எந்தச் சட்டப் புத்தகத்திலும் அந்தத் தீர்ப்பு வரும். அந்த ஐந்து பஸ்ஸில் ஏறிப் போனவர்களைப் பற்றி எதிலும் வராது.

இன்னொரு வழக்கு சென்னையிலிருந்து கிளம்பும் ஒரு ரோட்டைப் பற்றியது. சென்னை–கிருஷ்ணகிரி எக்ஸ்பிரஸ் வழித்தடத்துக்கு இரண்டே இரண்டு பெர்மிட். 1956-இல் மனு கேட்டார்கள். நூறு பேருக்கு மேல் கொடுத்தார்கள். அந்தக் காலத்தில் பெர்மிட் கொடுக்க மார்க் போடும் முறை இருந்தது. 1298-ஆம் நம்பர் அரசாணை. பட்டறை உண்டா, வழித்தடத்தில் ஆபீஸ் உண்டா, அனுபவம் எவ்வளவு என்று ஒவ்வொன்றுக்கும் மார்க். முதலில் ஒருவருக்குக் கிடைத்தது, அப்பீலில் மாறியது, ஐகோர்ட் போனது, கடைசியில் 1964-இல் ராஜகோபால நாயுடு வழக்கு என்று சுப்ரீம் கோர்ட்டில் தீர்ந்தது. நீதிபதி மாதிரி உட்கார்ந்து விசாரிக்கும் அதிகாரிக்கு, இப்படித்தான் மார்க் போடு என்று சர்க்கார் உத்தரவிட முடியாது என்று சொல்லி அரசாணையையே தள்ளிவிட்டார்கள். இரண்டு பஸ்ஸுக்கு எட்டு வருஷம். எங்கள் வக்கீல் இந்தத் தீர்ப்பைச் சொல்லிவிட்டு ஒரு தடவையாவது சிரிக்காமல் இருந்ததில்லை.

எங்கள் பக்கத்துக்கு என்று தனியாக ஒரு சிக்கல் உண்டு. எல்லை. 1953 அக்டோபர் 1-ஆம் தேதி ஆந்திரா பிரிந்தபோது திருத்தணி சித்தூர் ஜில்லாவோடு அந்தப் பக்கம் போய்விட்டது. 1960 ஏப்ரல் 1-ஆம் தேதி திரும்பி வந்தது. இடைப்பட்ட வருஷங்களில் திருவள்ளூரிலிருந்து திருத்தணி போகும் பஸ் வெளிமாநில பஸ்! இந்தப் பக்கத்து அதிகாரி கொடுத்த பெர்மிட்டில் அந்தப் பக்கத்து அதிகாரியின் மேலொப்பம் வேண்டும். ஆடிக் கிருத்திகைக்கு விடும் ஸ்பெஷலுக்கும் அவர்கள் சம்மதம் வேண்டும். திருத்தணி வந்த அதே நாளில் எங்கள் பொன்னேரி, திருவள்ளூர் தாலுகாக்களின் வடக்கு ஊர்கள் ஆந்திராவுக்குப் போயின. சத்தியவேடு அப்படிப் போனது. மார்ச் 31 வரை உள்ளூர் வழித்தடமாக இருந்த கும்மிடிப்பூண்டி–மாதர்பாக்கம்–சத்தியவேடு ரோடு மறுநாள் மாநிலம் தாண்டும் ரோடாகிவிட்டது. ஜனங்களுக்கு அது தெரியாது. பெண் கொடுத்ததும் எடுத்ததும் சந்தைக்குப் போனதும் முன்பு போலவேதான். பெர்மிட்டுக்கு மட்டும் தெரியும். இரண்டு சர்க்காரும் உட்கார்ந்து எந்த ரோட்டில் யார் எத்தனை வண்டி விடலாம் என்று ஒப்பந்தம் போடும்வரை எல்லை ரோட்டில் நிரந்தரப் பெர்மிட் என்பது லேசில் கிடைக்காது. அதுவரைக்கும் கை கொடுத்தது இரண்டு பக்கமும் சம்மதித்த டெம்பரரிதான்.

அப்புறம் வந்தது நாட்டுடைமை. சென்னை நகரத்துக்குள் 1947-லேயே சர்க்கார் பஸ் வந்துவிட்டது. வெளியூர் ரோடுகள் தனியாரிடமே இருந்தன. 1967-இல் ஆட்சி மாறியதும் சென்னையிலிருந்து கிளம்பும் வழித்தடங்களையும், 75 மைலுக்கு மேற்பட்ட வழித்தடங்களையும், கன்னியாகுமரி மாவட்டத்தையும் சர்க்கார் எடுத்துக்கொள்வது என்று கொள்கை வந்தது. 1971-இல் பெரிய கம்பெனிகளைக் கையகப்படுத்தச் சட்டம். 1972 ஜனவரியில் பல்லவன், அடுத்தடுத்துப் பாண்டியன், சேரன், சோழன் என்று சர்க்கார் போக்குவரத்துக் கழகங்கள். பெரிய முதலாளிகள் நஷ்டஈட்டை வாங்கிக்கொண்டு வேறு தொழிலுக்குப் போனார்கள். மாட்டிக்கொண்டவன் ஒரு வண்டி, இரண்டு வண்டி வைத்திருந்த சின்ன முதலாளி. எங்கள் கட்சிக்காரர்கள் எல்லாம் அந்த ரகம்.

அவர்களைக் கட்டிப்போட்டது 68-எஃப் பிரிவின் ஒரு உட்பிரிவு. ஒரு ரோட்டை எடுத்துக்கொள்ளப் போகிறோம் என்று சர்க்கார் கழகம் வரைவுத் திட்டம் பிரசுரம் செய்துவிட்டால் போதும். திட்டம் ஒப்புதல் ஆகியிருக்க வேண்டியதில்லை. பிரசுரம் ஆன நாளிலிருந்து அந்த ரோட்டில் தனியாருக்குப் புதுப் பெர்மிட் கிடையாது, பழையதைப் புதுப்பித்தாலும் குறுகிய காலத்துக்குத்தான். கழகம் தானே டெம்பரரி வாங்கி ஓட்டலாம். கழகம் கேட்காவிட்டால் தனியாருக்கு டெம்பரரி கொடுக்கலாம். தமிழ்நாட்டில் 1976 ஜூன் 4-ஆம் தேதியிட்ட வரைவுத் திட்டம் இப்படி வந்தது. வரைவு வரைவாகவே வருஷக்கணக்கில் கிடந்தது. ஆட்சேபணை விசாரணை தள்ளிப்போகும், ஐகோர்ட்டில் ஒரு தடை இருக்கும், அதிகாரி மாறுவார். அத்தனை நாளும் சின்ன முதலாளிக்கு வாழ்க்கை நாலு நாலு மாசமாகத்தான்.

அந்த நாலு மாசத்துக்கும் அலுவலகக் கணக்குக்கும் ஒத்தே வராது. சாலை வரி காலாண்டுக்குக் கட்ட வேண்டும், மூன்று மாசத்துக்கு ஒரு தடவை, சீட்டுக்கு இவ்வளவு என்று. பெர்மிட் நாலு மாசம். அதனால் இரண்டாவது காலாண்டு வரியைக் கட்டிவிட்டு, பெர்மிட் நீட்டிக் கிடைக்குமா என்று முதலாளி காத்துக்கொண்டிருப்பார். பைனான்ஸ்காரனோ டெம்பரரியைப் பார்த்துக் கடன் கொடுக்க மாட்டான். அதனால் டெம்பரரி ரோட்டுக்கு யாரும் புது வண்டி விடுவதில்லை. ஷெட்டில் கிடக்கும் ஸ்பேர் வண்டி, தகுதிச் சான்று (எஃப்.சி.) முடியப் போகும் வண்டி, இவைதான் வரும். மழைக்காலத்தில் ஜன்னல் ஷட்டர் இறங்காது. டிரைவர், கண்டக்டரும் நிரந்தரம் கிடையாது, அன்றன்றைக்குப் பேட்டா. ரோட்டைப் பற்றி ஒரு வழக்கு நடந்தால், அந்த ரோட்டில் ஓடும் வண்டியின் ஷட்டர் வரை அது போய்ச் சேரும்.

இந்தச் சட்டக் கட்டு எவ்வளவு இறுக்கம் என்பது 1987-இல் எல்லோருக்கும் தெரிந்தது. மதுரைப் பாண்டியன் போக்குவரத்துக் கழகத்துக்கும் ஏகப்பன் என்பவருக்கும் நடந்த வழக்கில், வரைவுத் திட்டம் பிரசுரமான ரோட்டில் தனியாருக்குப் பெர்மிட் தரச் சட்டம் இடம் தரவில்லை என்று சுப்ரீம் கோர்ட் சொல்லிவிட்டது. 1976-க்குப் பிறகு எப்படியோ பெர்மிட் வாங்கி, பத்து வருஷமாக ஓட்டி, வீட்டை அடமானம் வைத்து இரண்டாவது வண்டியும் எடுத்திருந்தவர்களுக்குத் தலையில் இடி. எங்கள் ஆபீஸ் படிக்கட்டில் ஆட்கள் உட்கார்ந்திருந்த வாரம் அது. கும்மிடிப்பூண்டிக்கு அப்பால், ஆந்திரா எல்லையை ஒட்டி நிலமும் இரண்டு வண்டியும் வைத்திருந்த ஒரு பெரியவர் வந்தார். எல்லோரும் ரெட்டியார் என்போம். என்னை எப்போதும் "நைனா" என்றுதான் கூப்பிடுவார். அன்றைக்கு என்னைப் பார்க்கவில்லை. நேராக வக்கீலிடம் போய், "வக்கீல் சார், என் கேஸ் எப்பத்தான் முடியும்?" என்றார்.

வக்கீல் கட்டிலிருந்து தலையை நிமிர்த்தாமல், "ரெட்டியார், உங்களுக்குக் கேஸ் முடியணுமா, வண்டி ஓடணுமா?" என்றார்.

ரெட்டியார் கொஞ்ச நேரம் பேசவில்லை. "வண்டி ஓடட்டும் சார்" என்று சொல்லிவிட்டு வாசலுக்கு வந்து, என்னிடம் வெற்றிலைக்குச் சுண்ணாம்பு கேட்டார்.

1988-இல் புதுச் சட்டம் வந்தது. 1989 ஜூலை 1 முதல் அமல். பெர்மிட்டைத் தாராளமாகக் கொடு என்பது அதன் போக்கு. வரைவுத் திட்டத்தை ஒரு வருஷத்துக்குள் ஒப்புதல் செய்யாவிட்டால் அது காலாவதி என்றும் எழுதினார்கள். பழைய சட்டப்படி கிடக்கும் வரைவுகளுக்கும் அந்த ஒரு வருஷம் பொருந்தும், புதுச் சட்டம் அமலான நாளிலிருந்து எண்ணிக்கொள் என்று ராஜஸ்தான் வழக்கு ஒன்றில் 1991-இல் சுப்ரீம் கோர்ட் தீர்த்தது. தமிழ்நாட்டில் சின்ன முதலாளிகளின் பெர்மிட்டைக் காப்பாற்ற 1992-இல் 41-ஆம் நம்பர் சட்டம் வந்தது. அதையும் எதிர்த்து வழக்கு. வழக்கு இல்லாத சட்டம் எங்கள் தொழிலில் உண்டா என்ன?

புதுச் சட்டத்தில் பழைய 62-ஆவது பிரிவு 87 ஆனது. அதே நாலு மாசம், அதே நாலு காரணம். இதில் இரண்டாவது உட்பிரிவு ஒன்றும் உண்டு. கோர்ட்டைச் சுற்றியே பிழைத்தவன் என்ற முறையில் சொல்கிறேன், போக்குவரத்துச் சட்டத்திலேயே ஜனத்தை நினைத்து எழுதிய வரி ஒன்று உண்டென்றால் அது இதுதான். ஒரு ரோட்டில் பெர்மிட் கொடுக்கக் கூடாது என்று கோர்ட் தடை போட்டிருந்தால், அந்தத் தடை இருக்கும் வரைக்கும் டெம்பரரி கொடுக்கலாம். ஒரு வண்டியின் பெர்மிட்டைக் கோர்ட்டோ அதிகாரியோ நிறுத்திவைத்து, அந்த ரோட்டில் வேறு வண்டி இல்லாமலோ போதாமலோ போனால், நிறுத்திவைத்த காலம் வரைக்கும் கொடுக்கலாம். நாலு மாசக் கணக்கு இங்கே கிடையாது. வழக்கு எவ்வளவு நாளோ அவ்வளவு நாள். ஒரே ஒரு நிபந்தனை: தடை போட்டது எத்தனை வண்டிக்கோ அதற்கு மேல் டெம்பரரி கூடாது. ரூட் பஸ்ஸுக்கு மட்டுமில்லை, கான்ட்ராக்ட் வண்டிக்கும், கம்பெனி தன் ஆட்களை ஏற்றும் வண்டிக்கும், லாரிக்கும் இந்தப் பிரிவு பொருந்தும்.

கெடுத்ததும் இதே வரிதான். எப்படி என்று சொல்கிறேன். ஏற்கெனவே வண்டி ஓட்டுகிறவன், புதிதாக ஒருவனுக்குப் பெர்மிட் வரப் போகிறது என்று தெரிந்ததும் ஐகோர்ட்டில் ஸ்டே வாங்குவான். தடை வந்ததும் அந்த ரோட்டில் வண்டி குறைச்சல் என்று ஆகிவிடும். அப்போது டெம்பரரி கேட்டு வருகிறவர்களில் ஸ்டே வாங்கியவனின் மைத்துனன் பெயரும் இருக்கும். அவனுக்குக் கிடைத்துவிட்டால் இனி வழக்கு நடக்கத் தேவையில்லை. நடந்தால் நஷ்டம். வாய்தா வாங்க எங்களிடம் காசு கொடுத்தவர்கள் தோற்றுப்போகிறவர்கள் மட்டும் என்று நினைக்காதீர்கள். இந்தக் கோணலை நீதிபதிகளும் அதிகாரிகளும் கண்டுகொள்ளாமல் இல்லை. ஸ்டே உத்தரவிலேயே, இன்னாருக்கு டெம்பரரி கூடாது என்று எழுதிய நீதிபதியும் உண்டு. ஆனால் தடையை நீக்கி மூல வழக்கை முடிப்பது மட்டும்தான் இதற்கு மருந்து. அதற்கு யாரும் அவசரப்பட்டதாக நான் பார்க்கவில்லை.

குடும்பத் தகராறு தனி. பெர்மிட்காரர் இறந்துவிட்டால், வண்டியைக் கையில் வைத்திருக்கும் வாரிசு முப்பது நாளுக்குள் அதிகாரிக்கு எழுதித் தெரிவித்துவிட்டு மூன்று மாசம் ஓட்டலாம். அதற்குள் பெர்மிட்டைத் தன் பெயருக்கு மாற்ற மனு போட வேண்டும். மூன்று மாசத்தில் எந்தக் குடும்பம் பாகம் பிரித்திருக்கிறது? ரெட்டியார் போன பிறகு அவர் பிள்ளைகள் இரண்டு பேரும் மகளும் மூன்று வக்கீல் வைத்தார்கள். வண்டி பெரியவன் ஷெட்டில், ஆர்.சி. புத்தகம் சின்னவன் பீரோவில், அப்பா கடைசியாகப் போட்ட கையெழுத்து மகள் வீட்டில். காலையில் ஆறே முக்காலுக்கு எல்லையிலிருந்து கும்மிடிப்பூண்டி ஸ்டேஷனுக்கு வரும் முதல் சிங்கிள் டிரிப் நின்றுவிட்டது. அந்த வண்டி பிடித்து, சென்ட்ரல் மின்சார ரயிலில் ஏறி வேலைக்குப் போன ஆட்கள் சைக்கிளில் வரத் தொடங்கினார்கள். கடைசியில் மூன்று பேருக்கும் சம்பந்தமில்லாத ஊத்துக்கோட்டைக்காரர் ஒருவர் டெம்பரரி வாங்கி அதே டைமிங்கில் ஓட்டினார். ஊரில் அதற்கு 'ஸ்டே பஸ்' என்று பெயர் வைத்தார்கள். பள்ளிக்கூடப் பிள்ளைகள்கூட அப்படித்தான் சொல்லும். வழக்கு சமாதானமாகி ரெட்டியார் வண்டி திரும்ப வந்தபோது, பிள்ளைகளில் யாருக்கும் பஸ் தொழிலில் ஆசை மிச்சமில்லை. பெர்மிட்டோடு வண்டியை விற்றுவிட்டார்கள்.

எண்பதுகளில் கும்மிடிப்பூண்டி சிப்காட் தொழிற்பேட்டை வளர வளர, எங்கள் கட்டுகளின் நிறம் மாறியது. உருக்காலை, இரும்பு, ரசாயனம் என்று கம்பெனிகள் வந்தன. ஷிப்டு ஆறு மணி, இரண்டு மணி, பத்து மணி. ரூட் பஸ்ஸின் டைமிங் இதற்கு ஒத்து வராது. டைமிங்கை மாற்ற வேண்டுமானால் எதிரில் ஓடுகிறவன், பின்னால் ஓடுகிறவன் எல்லோரையும் கூப்பிட்டுப் பேச வேண்டும், ஆளுக்கு இரண்டு நிமிஷம் தகராறு. அதனால் கம்பெனிகள் தாங்களே கான்ட்ராக்ட் வண்டி வைத்துக்கொண்டன. இந்த வண்டி வழியில் நின்று டிக்கெட் ஏற்றக் கூடாது. ஆனால் புதுவாயலில் மழையில் நிற்கும் தெரிந்த ஆளை எந்த டிரைவர் விட்டுவிட்டுப் போவான்? ரூட் பஸ் முதலாளி புகார் கொடுப்பார், வண்டியைப் பிடிப்பார்கள், பெர்மிட் சஸ்பெண்ட் ஆகும், எங்களிடம் கட்டு வரும். தேர்வாய்க்கண்டிகையில் இரண்டாவது சிப்காட் வந்து டயர் கம்பெனி தொடங்கிய காலத்துக்குள், கும்மிடிப்பூண்டி வழியே போகும் ஜி.என்.டி. ரோட்டில் காலையில் கம்பெனி வண்டிகள்தான் கூட்டமாகப் போயின. ரூட் பஸ் முதலாளியின் கலெக்‌ஷன் அப்படித்தான் வடிந்தது. சர்க்கார் கழகம் வந்து கெடுத்தது என்று பழைய முதலாளிகள் சொல்வார்கள். எங்கள் பக்கத்தில் அது பாதி உண்மைதான்.

இத்தனை கட்டிலும் பயணி எங்கே இருந்தார் என்று தேடிப் பார்த்திருக்கிறேன். பழைய 1939 சட்டத்தின் 47-ஆவது பிரிவில் கொஞ்சம் இடம் இருந்தது. பெர்மிட் கொடுக்குமுன் அந்த ரோட்டில் ஏற்கெனவே வண்டி ஓட்டுகிறவர், சர்க்கார் அங்கீகரித்த சங்கம், வழியிலுள்ள உள்ளாட்சி, போலீஸ் இவர்கள் சொல்வதை அதிகாரி கணக்கில் எடுத்துக்கொள்ள வேண்டும். பஞ்சாயத்து தலைவர் லெட்டர் பேடில் எழுதிக் கொடுத்தால் கட்டில் சேரும். அந்த லெட்டரை எழுதியதும் பெரும்பாலும் எங்களைப் போன்ற குமாஸ்தாக்கள்தான், முத்திரை மட்டும் ஊரிலிருந்து வரும் என்பது வேறு விஷயம். 1988 சட்டம் தாராளம் என்ற பெயரில் போட்டிக்காரனின் ஆட்சேபணையை எடுத்தபோது, பஞ்சாயத்தின் குரலையும் சேர்த்து எடுத்துவிட்டது. போட்டிக்காரன் ஐகோர்ட் வழியாகத் திரும்பி உள்ளே வந்துவிட்டான். பஞ்சாயத்து வரவில்லை.

தூரமும் ஒரு காரணம். பெர்மிட் கொடுக்கும் அதிகாரி எங்கள் மாநிலத்தில் மாவட்ட கலெக்டர். 1997-இல் திருவள்ளூர் மாவட்டம் பிரியும் வரை எங்களுக்குக் கலெக்டர் காஞ்சிபுரத்தில். ஆரம்பாக்கத்துக்காரர் பஸ் இல்லை என்று சொல்லக் காஞ்சிபுரம் போய் வர ஒரு முழு நாள், ஒரு நாள் கூலி. திருவள்ளூர் வந்த பிறகும் பெரிய சுகமில்லை. கும்மிடிப்பூண்டியிலிருந்து நேர் ரயில் கிடையாது. பேசின் பிரிட்ஜோ சென்ட்ரலோ போய் அரக்கோணம் மார்க்க வண்டி மாற வேண்டும். பஸ் வேண்டும் என்று கேட்க இரண்டு ரயில்!

இப்போது ஊர்களில் கேட்பது வேறு மாதிரி. 2021 மே மாதத்திலிருந்து சர்க்கார் சாதாரணக் கட்டண டவுன் பஸ்ஸில் பெண்களுக்குக் காசு இல்லை. பள்ளிப் பிள்ளைகளின் இலவச பாஸும் அங்கேதான் செல்லும். தனியார் டெம்பரரி வண்டி வந்தால் இரண்டு பேருக்கும் காசு. அதனால் எங்களுக்குக் கழக பஸ்தான் வேண்டும் என்கிறார்கள் பெண்கள், நியாயம்தான். பஸ்ஸே போகாத ரோடுகளுக்கு 1997-இல் மினி பஸ் வந்தது. 2025 ஜூனில் அதையே விரித்துப் புதுத் திட்டமாகத் தொடங்கினார்கள். அதற்கும் ரோடு ஒன்றை எடுத்துக்கொண்டு இரண்டு பேர் கோர்ட்டுக்குப் போவார்கள் என்பதற்குப் பெரிய ஜோசியம் தேவையில்லை. அப்போதும் 87(2) இருக்கும்.

எனவே ஒரு வேண்டுகோள், குமாஸ்தா பாஷையில். உங்கள் ஊர் பஸ் வழக்கால் நின்றுவிட்டால் கண்டக்டரோடு சண்டை பிடிக்காதீர்கள். எந்தக் கோர்ட், எந்த நம்பர் வழக்கு, தடை எந்தத் தேதியில் வந்தது, எத்தனை வண்டிக்கு என்று முதலில் கேட்டு எழுதிக்கொள்ளுங்கள். கிராம சபையில் ஒரு தீர்மானம் போடுங்கள். அதில் பஸ் இல்லாத நேரத்தையும், எத்தனை பிள்ளைகள் பள்ளிக்கூடம் போக முடியவில்லை என்பதையும் எண்ணிக்கையோடு எழுதுங்கள். 'பொதுமக்கள் பெரிதும் அவதி' என்று எழுதாதீர்கள், அது எல்லா மனுவிலும் இருக்கிறது. மோட்டார் வாகனச் சட்டம் 87(2)-ஐக் குறிப்பிட்டு, தடை நீங்கும் வரை தற்காலிகப் பெர்மிட் கேட்டு, திங்கட்கிழமைக் குறைதீர் கூட்டத்தில் கலெக்டரிடம் கொடுங்கள். தடை உத்தரவின் நகலை இணைக்க மறக்காதீர்கள். நம்பர் போட்ட ரசீது வாங்காமல் திரும்பி வராதீர்கள்.